தும்பையும் தொப்பிப்பூண்டும்

கல்லூரியின் விழா மலருக்கு ஏதேனும் எழுதுக எனப் பழைய மாணவர் சங்கத்தார் கேட்டபொழுது, எழுதுதற்கு எனக்கு என்ன தகுதி உண்டு என்று முதலில் மயங்கினேன். பட்டத்தாலும் பதவியாலும் கல்லூரிக்குப் பெருமை தேடியவன் அல்லேன். மைதானத்திலே பந்தடித்துப் பெயர் பெற்றவனும் அல்லேன். ஆயினும், இக்கல்லூரியில் ஒரு காலைப்பொழுதிற் கற்ற பாடமொன்று, ஏறத்தாழ அறுபது ஆண்டுகள் கழிந்தபின், கடல் கடந்த குளிர்நாட்டிலே என் இல்லத்தைத் தீங்கினின்றும் காத்தது. அதனைச் சொல்லாது விடுதல் நன்றி மறத்தலாகும் எனக் கருதியே இச்சிறு கட்டுரையை வரையத் துணிந்தேன்.

அது 1966ஆம் ஆண்டு. உயர்தர வகுப்பிலே தாவரவியல் பயின்றோருள் யானும் ஒருவன். எங்கள் ஆசிரியர் இன்று நம்மிடையே இல்லை. வெள்ளை வேட்டியும் நீண்ட கைச்சட்டையும் அணிந்து, நெற்றியிலே திருநீறு விளங்க, சட்டைப்பையில் ஒரு கைவில்லையுடன் அவர் வகுப்பிற்கு வரும் காட்சி இன்றும் என் கண்முன் நிற்கின்றது. அன்றைய பாடம், அக்காலத்தில் லபியேற்றே என்றும் இக்காலத்தில் லேமியேசியே என்றும் வழங்கும் உதட்டுப்பூக் குடும்பம். துளசியும், திருநீற்றுப்பச்சையும், கற்பூரவள்ளியும், தும்பையும் இக்குடும்பத்தனவே. நாற்கோணத் தண்டு, எதிரெதிராய் அமைந்த இலை, மேலுதடு கீழுதடு எனப் பிரிந்த அல்லிவட்டம், நான்கு சிறு வித்துகளாய்ப் பிரியும் சூலகம் ஆகிய இலக்கணங்களைக் கரும்பலகையில் எழுதியபின், வேலியோரத்திலே தும்பை பூத்திருக்கின்றது என்றும், ஆளுக்கொன்று பறித்து வந்து வரைக என்றும் பணித்தார்.

யான் தும்பையைப் பறித்தேனேயன்றிப் பார்த்தேன் அல்லேன். நாள்தோறும் சிவபூசைக்கென்று பாட்டியார் கிள்ளும் பூவிலே புதிதாய்க் காண்பதற்கு என்ன உண்டு என்பது என் எண்ணம். பாடநூலில் இருந்த துளசிப்பூவின் படத்தைப் பார்த்து, புல்லிவட்டத்திற்கு அழகாக ஐந்து பற்கள் வரைந்து, எல்லாருக்கும் முன்னே கொண்டுபோய் நீட்டினேன். ஆசிரியர் படத்தையும் என்னையும் மாறி மாறி நோக்கினார். “தம்பி, நீர் பூவை வரைந்தீரா, புத்தகத்தை வரைந்தீரா?” என்று கேட்டுக் கைவில்லையை என்னிடம் தந்து, பற்களை எண்ணச் சொன்னார். எண்ணினேன். ஐந்தல்ல, பத்து. அவையும் ஒத்த அளவினவாய் இல்லை. வகுப்பு முழுதும் நகைத்தது. ஆசிரியர் மட்டும் நகைக்கவில்லை. “பெயர் சொல்லுதல் எவர்க்கும் எளிது. அப்பெயருக்கு உரியது இதுதானோ என்று பார்ப்பதே கல்வி” என்று கூறி அடுத்தவரின் படத்தை வாங்கினார்.

நிற்க. காலம் எம்மை எங்கெங்கோ எறிந்தது. 1987ஆம் ஆண்டிலிருந்து கனடாவில், ஒன்ராறியோ மாகாணத்திலே வாழ்ந்து வருகின்றேன். வீட்டின் பின்புறம் சிறியதொரு நிலம் உண்டு. கோடையில் மிளகாயும் கத்தரியும் பயிரிடுவோம். நிலத்தின் தாழ்ந்த மூலையொன்றில் எப்பொழுதும் நீர் கசிந்துகொண்டிருக்கும். அங்கே எதுவும் செவ்வையாய் வளர்வதில்லை.

சில ஆண்டுகளுக்கு முன், தன் தமக்கையார் ஊரிலே காலமான செய்தி கேட்ட நாள் தொடக்கம் என் மனைவி உறக்கம் இழந்தாள். நள்ளிரவில் எழுந்து சமையலறையில் விளக்கேற்றி இருப்பாள். மருத்துவர் தந்த மாத்திரை மறுநாட் பகலெல்லாம் மயக்கம் தருகின்றதென்று அதனை நிறுத்திவிட்டாள். அந்நாளில், அயல்வீட்டு மூதாட்டியார், தம் தாயார் காலத்தில் உறக்கமின்மைக்கு ‘ஸ்கல்கப்’ என்னும் பூண்டை உலர்த்தி வெந்நீரில் ஊறவைத்துக் குடிப்பர் என்றும், ஈரநிலம் அதற்கு உகந்தது என்றும் கூறினார். மனைவியின் துயரத்திற்கு மருந்து. வீணாய்க் கிடந்த மூலைக்குப் பயிர். ஒரு கல்லில் இரு மாங்காய் என்று மகிழ்ந்தேன்.

ஸ்கல்கப் என்பது தலையோடு ஒட்டி அணியும் தொப்பியின் பெயர். தமிழில் இதற்கு வழக்கிலுள்ள பெயர் இன்மையால், ‘தொப்பிப்பூண்டு’ என யான் எனக்குள் அழைத்து வருகின்றேன். ஸ்குற்றெலேரியா லற்றெரிஃபுளோரா என்பது அதன் தாவரவியற் பெயர். வட அமெரிக்காவின் சதுப்பு நிலங்களிலும் ஓடைக் கரைகளிலும் இயல்பாய் வளர்வது. நம் துளசியின் குடும்பமேயாயினும் துளசியின் மணம் இதற்கு இல்லை. 1773ஆம் ஆண்டளவில் நியூ ஜேர்சியைச் சேர்ந்த வன்டவீர் என்னும் வைத்தியர் விசர்நாய்க்கடிக்கு இதனை மருந்தாக வழங்கினமையால், விசர்நாய்ப் பூண்டு என்னும் பொருள்படும் பெயரும் இதற்கு உண்டாயிற்று. விசர்நாய்க்கடிக்கு இது மருந்தன்று என்பது பின்னர்த் தெளிவாயிற்று. ஆயினும் நரம்பை அமைதிப்படுத்தும் மூலிகை என்ற பெயர் நிலைத்து, 1863 முதல் 1916 வரை அமெரிக்க நாட்டின் மருந்து நூலிலும் இது இடம் பெற்றிருந்தது.

நாற்றுக்கடை ஒன்றிலே, ஸ்கல்கப் எனச் சீட்டுக் கட்டியிருந்த மூன்று நாற்றுகளை வாங்கினேன். தண்டைத் தடவினேன், நாற்கோணம். இலையைப் பார்த்தேன், எதிரெதிர், விளிம்பிலே பற்கள். ஐயம் நீங்கியதென்று நட்டேன். அடுத்த கோடையில் அவை முழங்காலளவு தழைத்தன. ஆனி மாதத்திலே, பூக்கும் முன்னரே, ஒருபிடி அறுத்து நிழலிலே உலர்த்திப் போத்தலில் இட்டு, கடைச்சீட்டிலிருந்த பெயரை என் கையாலே அதன்மேல் எழுதி ஒட்டினேன். மனைவி நான்கு இரவுகள் அதனை ஊறவைத்துக் குடித்தாள்.

ஐந்தாம் நாட் காலை செடி பூத்தது. சீட்டிலே அச்சிட்டிருந்த பூ நீலம். என் நிலத்துப் பூவோ வெளிறிய ஊதா கலந்த சிவப்பு. மண்ணின் வேறுபாடாய் இருக்கலாம் என்று மனத்துக்குச் சமாதானம் கூறினேன். அறியாதவன் கூறும் சமாதானங்களுக்கு எல்லையில்லை. அன்று மாலை முழுதும் அந்நிறம் என்னை உறுத்தியது. ‘நீர் பூவை வரைந்தீரா, புத்தகத்தை வரைந்தீரா?’ என்ற குரல் செவியில் ஒலித்தது. பேரனின் விளையாட்டுப் பெட்டியிலிருந்த உருப்பெருக்கிக் கண்ணாடியை எடுத்துக்கொண்டு நிலத்திற்குச் சென்றேன்.

பூவிற்கு மேலுதடு இருப்பதாகவே தோன்றவில்லை. கீழுதடு மட்டும் ஐந்து மடல்களாய் நீண்டிருந்தது. கேசரங்கள் மேலே திறந்தவெளியில் வளைந்து நின்றன. புல்லிவட்டத்தில் ஐந்து பற்கள் இருந்தன. ஆனால் இச்செடிக்குப் பெயர் தந்த தொப்பியை எங்கும் காணவில்லை. இலையைத் திருப்பினேன். அடிப்புறம் நரைத்தாற்போல் மென்மயிர் படர்ந்திருந்தது. அது ஸ்கல்கப் அன்று. அக்குடும்பத்தையே சேர்ந்த, அதே ஈரநிலத்திலே வளரும், தியூக்கிரியம் கனடென்சே என்னும் ஜேர்மாண்டர்.

இதனால் என்ன கேடு என்று வாசகர் வினவலாம். ஜேர்மாண்டர் இனங்கள் சிலவற்றில் ஈரலைத் தாக்கும் நச்சுப்பொருள்கள் உள்ளன. ஐரோப்பிய ஜேர்மாண்டரை உடல் மெலிவதற்கென்று உண்டோர் பலருக்கு ஈரல் அழற்சி கண்டமையால், பிரான்சு நாட்டில் 1992ஆம் ஆண்டு அதன் விற்பனை தடுக்கப்பட்டது. ஸ்கல்கப் உண்டு ஈரல் நோயுற்றனர் எனப் பதிவான சிலரின் நோய்க்கும், அதனுடன் கலந்து விற்கப்பட்ட ஜேர்மாண்டரே காரணமாகலாம் எனப் பின்னர் ஆய்ந்தோர் ஐயுற்றனர். இவற்றையெல்லாம் அன்றிரவு வாசித்தபொழுது என் கை நடுங்கியது. மனைவியை எழுப்பவேண்டிய தேவை இருக்கவில்லை. அவள் விழித்தே இருந்தாள். “நாலு இரவு குடித்தேனே, ஒன்றும் செய்யாதோ?” என்றாள். விடை கூற என்னிடம் சொல் இல்லை.

மறுநாள் மருத்துவரிடம் சென்று மறைக்காது கூறினோம். இரத்தப் பரிசோதனை செய்வித்தார்; சில கிழமைகள் கழித்து மீண்டும் செய்வித்தார். இருமுறையும் ஈரலுக்குப் பழுதில்லை எனக் கண்டது இறைவன் திருவருள். கடைக்காரர் தவறினார் என்று சினந்துகொள்ளல் எளிது. ஆனால் அவர் செய்த தவறு சீட்டளவில் நின்றது. கண்ணும் கல்வியும் உடையவன் யான். இலையொன்றைத் திருப்பிப் பார்க்கவும், ஒரு பூ விரியும்வரை காத்திருக்கவும் பொறுமையின்றிப் போத்தலில் பெயர் எழுதினேன். பதினெட்டு வயதிற் செய்த அதே பிழையை முதுமையிலும் செய்தேன். அன்று நகைப்போடு போயிற்று.

செடிகளை வேரோடு களைந்தேன். ஆயினும் மெய்யான தொப்பிப்பூண்டைக் காணாது விடுவதில்லை என்று உறுதிகொண்டு, விதை தருவித்தேன். இவ்விதைக்கு ஓர் இயல்பு உண்டு: குளிர்காலம் ஒன்றைக் கடந்தாலன்றிச் செவ்வையாய் முளைக்காது. ஆதலால் ஈரமணலிற் கலந்து குளிர்சாதனப் பெட்டியில் இரண்டு மாதம் வைத்தேன். பின்னர்த் தட்டிலே மண்ணின்மேல் தூவி, மூடாது, மெல்ல அழுத்தி, ஈரம் உலராமற் காத்தேன். இரண்டு கிழமையளவில் முளைத்தன. வைகாசி பிற்பகுதியில், உறைபனி அச்சம் நீங்கியபின், ஓரடி இடைவெளியில் அந்த ஈரமூலையிலே நட்டேன். நிலத்தடியிலே தண்டு ஓடிப் படர்வதால் அடுத்த ஆண்டு பாத்தி தானே நிறைந்தது.

ஆடியிலே அது பூத்தது. இலைக்கக்கங்களிலிருந்து கிளைத்த மெல்லிய பூந்துணர்களில், ஒருபுறமாகவே சாய்ந்து, நெல்மணியளவான நீலப்பூக்கள். கண்ணாடியை வைத்து நோக்கினேன். மேலுதடு முக்காடுபோற் கவிந்திருந்தது. புல்லிவட்டம் பற்களின்றி இரண்டு உதடுகளாய் அமைய, மேற்புல்லியின் முதுகிலே சிறு கிண்ணம் கவிழ்த்தாற்போன்ற புடைப்பு! இலத்தீன் மொழியில் சிறு தட்டினைக் குறிக்கும் ஸ்குற்றெல்லா என்னும் சொல்லிலிருந்தே இம்மரபின் பெயர் பிறந்தது. பூ உதிர்ந்தபின் அவ்வுதடுகள் இறுக மூடி நான்கு வித்துகளைக் காக்கும். முற்றியபின் மழைத்துளி அதன்மேல் விழுந்தால் வித்துத் தெறித்து வெளியே விழும். இத்தொப்பி ஒன்றே ஐயந்திரிபற்ற அடையாளம். தொப்பியைக் காணாதவரை வேறெந்த ஒப்புமையையும் நம்பலாகாது.

மனைவி அதனைக் குடித்தாளோ எனின், இல்லை. இம்மூலிகை பற்றிய ஆய்வுகள் சிலவே; அவையும் சிறியன. உறுதி கூற முடியாததை அருந்தவேண்டாம் என மருத்துவர் கூறினார். ஒருமுறை ஏமாந்த அவளுக்கும் விருப்பம் இருக்கவில்லை. அவளது உறக்கம் முழுமையாய் மீண்டதென்று எழுதினால் அது பொய்யாகும். ஆனால் இப்பொழுது உறக்கம் வராத இரவுகளில் அவள் சமையலறையில் தனித்திருப்பதில்லை. என்னை எழுப்புகின்றாள், தமக்கையாரைப் பற்றிப் பேசுகின்றாள், யான் கேட்டிருக்கின்றேன். அருகிருந்தவளின் துயரத்தையும் அதுவரை யான் பெயரளவிலேதான் அறிந்திருந்தேன் போலும்.

இன்று கல்லூரியிற் பயிலும் தம்பிமாருக்கு ஒரு வேண்டுகோள். படமெடுத்துக் காட்டினால் செடியின் பெயரைச் சொல்லும் கருவிகள் உங்கள் கைகளில் உள்ளன. அவற்றைப் பயன்படுத்துங்கள், அவை சொல்வதைச் சீட்டாக மட்டும் கொள்ளுங்கள். மாரி முடிந்து வேலியோரத்திலே தும்பை பூக்கும்பொழுது, ஆய்வுகூடத்திலிருந்து ஒரு கைவில்லையை இரவல் வாங்கி, அதன் புல்லிவட்டத்துப் பற்களை நீங்களே எண்ணிப் பாருங்கள். எத்தனை என யான் மேலே எழுதியிருக்கின்றேன். அதனையும் நம்பாதீர்கள்.