இரண்டு நிலவுக்கு ஒரு கலண்டர்

2022 பங்குனி கடைசி. ஒரு நாளைக்கு 13 மணித்தியாலம் வரைக்கும் கரண்ட் இல்லாத காலம். மன்னாரில் நாங்கள் ஐந்து பேர், உயர்தரத்துக்குப் படிக்கிறோம் என்று வீட்டில் சொல்லிவிட்டு, ஒருவனின் வீட்டு விறாந்தையில் மெழுகுதிரியைச் சுற்றி இருந்து ஒரு உலகம் செய்துகொண்டிருந்தோம். எண்பது பக்கக் கொப்பி ஒன்றில் தீவுகள், அரசர்கள், சண்டைகள் எல்லாம் இருந்தன. வானத்தில் இரண்டு நிலவு. மெல்லமாய்ப் போகிறவனுக்குப் 'பெரியாள்' என்று பெயர். ஓடித் திரிகிறவன் 'சின்னன்'.

ஏன் இரண்டு என்று கேட்டால், அப்போது எங்களிடம் இருந்த பதில் "வடிவா இருக்கும்" என்பதுதான். செவ்வாய்க்கும் இரண்டு நிலவு இருக்கிறது என்று ஒருவன் சொன்னான். 1877இல் கண்டுபிடித்தவை. அதில் போபோஸ் 7 மணி 39 நிமிடத்தில் செவ்வாயைச் சுற்றிவிடும். செவ்வாய் தன்னைத்தானே சுற்றுவதைவிட அது வேகம் என்பதால், அங்கே நின்று பார்த்தால் மேற்கில் உதித்து கிழக்கில் மறையும். அதைக் கேட்ட பிறகு எங்கள் உலகத்துக்கும் ஒரு கணக்கு வேண்டும் என்று ஆசை வந்தது.

முதல் கலண்டர் சும்மா சுகமானது. வருசம் 360 நாள். பெரியாள் 30 நாளுக்கு ஒருக்கா பூரணை, சின்னன் 12 நாளுக்கு ஒருக்கா. இரண்டும் ஒரே இரவில் நிறைகிற நாளுக்கு 'இரட்டைப் பறுவம்' என்று பெயர் வைத்துப் பெரிய திருவிழாவும் எழுதினோம். கணக்குப் பார்த்தால் அது 60 நாளுக்கு ஒருக்கா வருகிறது. வருசத்தில் ஆறு திருவிழா. எங்களில் ஒருவன் கடற்தொழில் செய்கிற குடும்பம். அவன் கொப்பியைப் பார்த்துவிட்டுச் சிரித்தான்.

"ஒரு நிலவு நிறைஞ்சாலே தண்ணி எவ்வளவு ஏறும் எண்டு தெரியுமா? ரெண்டும் சேந்து இழுத்தா வாடி எல்லாம் கடலுக்குள்ள. வருசத்தில ஆறுதரம் எண்டா ஆரடா கரையில இருப்பான்?"

ஆகவே கணக்கை மாற்றினோம். எங்கள் சொந்த நிலவு ஒரு பூரணையிலிருந்து அடுத்த பூரணைக்குச் சராசரி 29.53 நாள் எடுக்கும். பெரியாளுக்கு 29.5 என்று வைத்தோம். அரை நாள்தான் குறைத்தோம், ஆனால் உலகமே மாறிவிட்டது. இப்போது இரட்டைப் பறுவம் சரியாகச் சந்திக்க 708 நாள் வேண்டும். பெரியாள் 24 தரம், சின்னன் 59 தரம். இரண்டு வருசத்துக்கு 12 நாள் குறைவு. அதனால் திருவிழா ஒவ்வொருமுறையும் 12 நாள் முன்னுக்கு நகரும். திரும்ப அதே திகதிக்கு வர 59 வருசம். அந்த உலகத்தில் ஒருத்தர் தான் பிறந்த திகதியில் விழுந்த திருவிழாவை இரண்டாந்தரம் காண 59 வருசம் காத்திருக்க வேண்டும். மெழுகுதிரி முடிகிற நேரம் இதைக் கண்டுபிடித்துவிட்டுக் கொஞ்சநேரம் பேசாமல் இருந்தோம்.

அடுத்த பிரச்சினை லீவு. விவசாயம் செய்கிற சனம் பெரியாளை எண்ணும், கரைச் சனம் சின்னனை எண்ணும். அரண்மனை எதை எண்ணுவது? "பெரியாளைத்தான், அதுதானே வசதி" என்று எழுதிவிட்டு அடுத்த பக்கம் புரட்டப் போனோம். ஒருவனின் அம்மம்மா உள்ளே இருந்து, தான் படிக்கிற காலத்தில் ஞாயிறு லீவு இல்லை, போயாதான் லீவு என்றா. பிறகு தேடிப் பார்த்தோம், உண்மைதான். 1966 முதல் 1971 வரை இலங்கையில் வாராந்த விடுமுறை நிலவின் காலைப் பார்த்து வந்தது. ஒரு காலிலிருந்து அடுத்ததுக்கு 7.4 நாள் அளவு வருவதால் சில வாரத்துக்கு எட்டு நாள். "எண்டைக்குப் பள்ளிக்கூடம் எண்டு கலண்டரைப் பாக்காமச் சொல்லேலாது" என்று அம்மம்மா சிரித்தா.

அப்போதுதான் அதுவரை பேசாமல் இருந்தவன் கதைத்தான். இன்னும் ஓரிரு நாளில் அவனுக்கு நோன்பு தொடங்க இருந்தது.

"சாதாரண தரத்தில அந்த ரியூசன் பரீட்சை ஞாபகமிருக்கா?"

எங்களுக்கு ஞாபகமில்லை. அவன்தான் சொன்னான். கலண்டரில் பெருநாள் என்று போட்டிருந்த நாளுக்கு அடுத்த நாள் பரீட்சை வைத்திருந்தார்கள். அந்தமுறை பிறை தெரியவில்லை. பெருநாள் ஒரு நாள் தள்ளிப்போய்ப் பரீட்சை நாளில் விழுந்தது. அவன் வரவில்லை. புள்ளிப் பட்டியலில் அவன் பெயருக்கு நேரே ஒரு கோடு.

"நீங்க நாலு பேரும் எழுதினீங்க. ஏன் வரேல்ல எண்டு ஒருத்தரும் கேக்கேல்ல."

கோபமாகச் சொல்லவில்லை. கோபமாகச் சொல்லியிருந்தால் ஏதாவது திருப்பிச் சொல்லியிருப்போம். அடுத்த நாள் அவன் வீட்டிலிருந்து வந்த வட்டிலப்பம் சாப்பிட்டது மட்டும் எங்களுக்கு நல்ல ஞாபகம். அது எந்தப் பெருநாள் வட்டிலப்பம் என்று அன்றைக்கு யோசிக்கவே இல்லை. கலண்டரில் முந்தின நாளே சிவப்பில் போட்டாச்சு, எங்களுக்குப் பெருநாள் முடிஞ்சுது.

அந்தப் பக்கத்தை வெட்டினோம். புதுப் பக்கத்தில் நடுவே கோடு போட்டு, இடப்பக்கம் பெரியாள், வலப்பக்கம் சின்னன் என்று எழுதினோம். அரண்மனைக்குத் தனிக் கணக்கு இல்லை. அரசன் ஒரு நாள் குறிக்க வேண்டுமென்றால் இரண்டு பக்கத்திலும் எழுத வேண்டும், அதுக்கு முதல் இரண்டு சனத்திடமும் ஆள் அனுப்பிக் கேட்க வேண்டும். "இப்பிடி எண்டா ஒரு வேலையும் நடக்காது" என்றான் ஒருவன். "நடக்கும். சுணங்கும்" என்றான் அவன். விதி அப்படியே கொப்பியில் இருக்கிறது. இப்படிச் செய்ததால் அந்தக் கோடு அழிந்துவிட்டது என்று நாங்கள் சொல்லவில்லை. அவனிடம் மன்னிப்புக் கேட்டதுகூடப் பிறகு ஒருநாள்தான், அதுவும் தனித்தனியாக, கூச்சப்பட்டுக்கொண்டு.

உயர்தரம் எழுதி முடித்து, 2023 பங்குனியில் அவன் கட்டார் போனான். கொப்பி எங்களிடம்தான் இருக்கிறது. போகும்போது கடைசிப் பக்கத்தில் அன்றைய திகதியைப் போட்டு, பக்கத்தில் '+708' என்று எழுதிவிட்டுப் போனான்.

அது 2025 மாசியில் வந்தது. நாங்கள் நாலு பேரும் அதே விறாந்தையில் இருந்தோம், கரண்ட் இருந்தது. அவனுக்கு வேலை முடிய எங்களுக்கு இரவு பத்தரை. அழைப்பு எடுக்கிறதுக்கு முதல் ஒரு செய்தி போட்டோம்: "உனக்கு இண்டைக்குச் சரியா?"

கொஞ்சம் சுணங்கித்தான் பதில் வந்தது. "சரி. எடுங்க."