திமிங்கலம் மீன்தான் - ஒரு தீர்ப்பு!

காமர்ஸ் படிக்கிறவனுக்கு விலங்கியலில் என்ன வேலை என்று கேட்கிறீர்களா? இருக்கிறது நண்பர்களே. போன செமஸ்டரில், இயந்திரத்தைப் பொருத்த ஆன கூலியைக் 'கூலி' கணக்கிலேயே எழுதி மார்க்கைக் கோட்டை விட்டேன். அது இயந்திரக் கணக்கில் சேர வேண்டுமாம். தலைப்பு மாறினால் லாபமே மாறிவிடும் என்றார் சார். அந்தக் கடுப்பில் இருந்தபோதுதான் இந்த வழக்கைப் படித்தேன்.

1818, நியூயார்க். மீன் எண்ணெயை விற்குமுன் ஆய்வாளரிடம் கட்டணம் கட்டிச் சோதிக்க வேண்டும் என்பது அங்கே சட்டம். சாமுவேல் ஜட் என்ற வியாபாரி, திமிங்கல எண்ணெயைச் சோதனை இல்லாமலே வாங்கினார். மாட்டிக்கொண்டதும், "திமிங்கலம் மீனே இல்லையே" என்று வாதாடினார். லின்னேயஸ் 1758-லேயே திமிங்கலத்தைப் பாலூட்டிகளோடு சேர்த்திருந்தார். நுரையீரலால் மூச்சு விடுகிறது, குட்டிக்குப் பால் கொடுக்கிறது. சாமுவேல் மிட்சில் என்ற அறிஞரும் வந்து இதையே சாட்சி சொன்னார்.

ஜூரிகள் என்ன சொன்னார்கள் தெரியுமா? மீன்தான்! பிறகு சட்டத்தையே திருத்தித் திமிங்கல எண்ணெயை விலக்க வேண்டியதாயிற்று.

சிரிப்பாக இருக்கிறது இல்லையா? ஆனால் ஜூரிகள் கடலையும் கடைத்தெருவையும் பார்த்தார்கள். விஞ்ஞானிகள் இன்று பார்ப்பது வம்சத்தை. டி.என்.ஏ.வை ஒப்பிட்டால், உயிரோடு இருப்பவற்றில் திமிங்கலங்களுக்கு மிக நெருங்கிய சொந்தம் நீர்யானை! வம்சம் தெரிந்தால் பார்க்காததையும் சொல்லலாம். நாளைக்குப் புதிதாக ஒரு டால்பின் இனம் கிடைத்தால், அது குட்டிக்குப் பால் கொடுக்கும் என்று அறுத்துப் பார்க்காமலே சொல்லிவிடலாம். வகைப்படுத்துவதில் இதுதான் பெரிய லாபம்.

இன்னொரு கூத்து. கலிஃபோர்னியாவின் அருகிவரும் உயிரினங்கள் சட்டத்தில் பாலூட்டி, பறவை, மீன் எல்லாம் உண்டு, பூச்சி இல்லை. ஆனால் அந்த மாநிலச் சட்டத்தில் 'மீன்' என்பதற்கான விளக்கத்தில் முதுகெலும்பற்றவையும் அடக்கம். அதை வைத்து 2022-ல் மேல்முறையீட்டு நீதிமன்றம், நான்கு பம்பிள் தேனீ இனங்களை 'மீன்' என்று பாதுகாக்கலாம் என்றது. விலங்கியலில் ஃபெயில், ஆனால் தேனீக்களுக்குப் பாதுகாப்பு கிடைக்க வழி பிறந்தது!

ஆக, எந்தத் தலைப்பில் வைக்கிறோம் என்பதற்கு முன்னால், எதற்காக வைக்கிறோம் என்று கேட்க வேண்டும். சட்டம் தன் வசதிக்குத் தலைப்பை மாற்றிக்கொள்ளலாம். திமிங்கலத்தின் வம்சத்தை எந்த ஜூரியாலும் மாற்ற முடியாது.

தக்காளி பழமா காய்கறியா என்று 1893-ல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் வரை போனார்கள். அதுவும் வரிக்காகத்தான் :-) அந்தக் கதை இன்னொரு நாள். இப்போது கூலிக் கணக்கைத் திருத்தப் போகிறேன்.