ஆயத்தம்

சில சொற்களை நாம் நூல்களிற் கற்கின்றோம். சிலவற்றை ஆசிரியரிடம் கேட்டறிகின்றோம். வேறு சில சொற்களோ, அவற்றை அறிந்துள்ளோம் என்னும் நினைவும் இன்றி, வீட்டாரோடு வீட்டாராய் நம்முடன் வளர்ந்துவிடுகின்றன. அவ்வாறு என்னுடன் வளர்ந்த சொற்களுள் ஒன்று ‘ஆயத்தம்’ என்பது. நெடுங்காலம் அதனை யான் மதித்திலேன். இடையில் ஒருமுறை அதனை வீட்டைவிட்டு வெளியேற்றவும் முனைந்தேன். பின்னர் அதனிடமே திரும்பி வந்த வரலாற்றை நேயர்கட்குச் சொல்ல விழைகின்றேன்.

எமது ஊர் தாயில்பட்டி. சிவகாசிக்குத் தெற்கே, வெம்பக்கோட்டைக்கு அணித்தாய், கரிசல் நிலத்தின் நடுவே அமைந்தது. வானம் பொய்க்கும் நிலமாதலின் உழவை மட்டும் நம்பி வாழ்தல் எம்மவர்க்கு அரிது. தீப்பெட்டியும் பட்டாசுமே பல குடும்பங்கட்குச் சோறு அளிப்பன. ஆலையை எம்மூரார் ‘ஆபீஸ்’ என்றே வழங்குவர். விடிந்ததும் ஆபீஸ் வண்டி தெருமுனையில் வந்து நிற்கும். அதற்குள் என் அன்னை சோறு வடித்து, தூக்குச் சட்டியில் இட்டு, எங்களையும் எழுப்பிவிட்டு, “ஆயத்தமா?” என்று ஒரு சொற் கேட்பார். சனிக்கிழமை மாலையில் கோயில் மணி ஒலிக்கும். மறுநாள் திருவிருந்திற் பங்குபெறுவோர் கூடித் தம் மனத்தைச் சோதித்துக்கொள்ளும் அவ்வழிபாட்டிற்கு ‘ஆயத்த ஆராதனை’ என்று பெயர். தமிழ் வேதாகமத்திலும் ஓய்வுநாளுக்கு முந்திய நாள் ‘ஆயத்த நாள்’ எனப்படும். இங்ஙனம் வண்டிக்கும் வழிபாட்டிற்கும் பொதுவாய் நின்ற அச்சொல்லை, தண்ணீரைப்போல் எளிதென்றெண்ணிப் புழங்கி வந்தேன்.

ஆனர்ஸ் வகுப்பிற் சேர்ந்த புதிதில் எனக்குத் தனித்தமிழ் வேட்கை மிகுந்தது. எழுதுவனவற்றுள் வடசொல்லென்று ஐயுற்ற ஒவ்வொன்றையும் களைந்தெறிந்தேன். ஒருநாட் கட்டுரையில் ‘ஆயத்தம்’ என எழுதிய கை உடனே அதனை அடித்து, ‘அணியம்’ என்று திருத்திற்று. ஆசிரியர் அத்திருத்தத்தைப் பழித்தாரல்லர், பாராட்டினாரும் அல்லர். “ஆயத்தம், அணியம், ஏற்பாடு, எத்தனம், தயார்: இவை ஐந்தும் ஒரு பொருளனவோ? ஆராய்ந்து வருக” என்று தாளின் ஓரத்தில் எழுதித் தந்தார்.

அரைமணி நேரத்து வேலையென்று எண்ணி நூலகத்துட் புகுந்தேன். சென்னைப் பல்கலைக்கழகத்தார் 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாய் வெளியிட்ட தமிழ்ப் பேரகராதி அங்கே உண்டு. அதனைப் புரட்டப் புரட்ட அரைமணி ஒரு வாரமாயிற்று. முதலிற் கண்டது என் அறியாமையே. சங்கச் செய்யுட்களில் ‘ஆயத்து’ என வருமிடங்களில், தலைவி எதற்கோ ஆயத்தமாகின்றாள் போலும் என்று பள்ளியிற் படிக்குங்கால் எண்ணியிருந்தேன். ‘ஆயம்’ என்பது தோழியர் கூட்டம். மகர ஈற்றுச் சொல் அத்துச் சாரியை பெற்று ‘ஆயத்து’ என நின்றது. அரசிறை குறிக்கும் ‘ஆயம்’ வேறொன்று. வேதாகமத்தில் வரி தண்டுவோரை ‘ஆயக்காரர்’ என்பதும், இன்றைய அரசாங்கத்தார் ‘ஆயத்தீர்வை’ என்பதும் அதன்வழி வந்தவை. இவ்விரண்டிற்கும் நம் ஆயத்தத்திற்கும் ஒலியொற்றுமையன்றி உறவில்லை.

பின்னர் ஐந்து சொற்களையும் நிரலே ஆராய்ந்தேன். ‘தயார்’ என்பது இந்துஸ்தானியின் வழியாக நம்மிடம் வந்து சேர்ந்தது. அது பெரும்பாலும் பொருளைப் பற்றியது. சாப்பாடு தயார், வண்டி தயார், சரக்குத் தயார் என்போம். ‘ஏற்பாடு’ பலர் கூடிச் செய்யும் ஒழுங்கு. திருமண ஏற்பாடு என்றால், பந்தற்காரரும் சமையற்காரரும் உறவினரும் ஆகிய அனைவரும் அதனுள் அடங்குவர். வேதாகமத்தின் இரு பெரும் பகுதிகட்குப் பழைய ஏற்பாடு, புதிய ஏற்பாடு என்று பெயர் அமைந்தபோது, அச்சொல் உடன்படிக்கை என்னும் பொருளளவும் உயர்ந்தது. ‘எத்தனம்’ செயலின் வாயிலில் நிற்பது. ஒன்றைச் செய்ய எத்தனித்தான் என்றால், கை இன்னும் அதனைத் தொடவில்லை. ‘அணியம்’ என்பது கடற்கரையார் வழக்கில் தோணியின் முன்பக்கம். அலையை முதலில் எதிர்கொள்ளும் இடம். தனித்தமிழ் அன்பர்கள் அதனைத் தயார் என்பதற்கு ஈடாக ஆளுகின்றனர். இவையன்றி, ஆரவாரம் மிக்க முன்வேலையைச் சற்றே எள்ளிக் கூறுதற்கு ‘முஸ்தீபு’ என ஒரு சொல்லும் உண்டு. எல்லாவற்றிற்கும் இடம் குறித்துவிட்டேன். ஆயத்தத்திற்கு மட்டும் இடம் கண்டிலேன். வேறெந்தச் சொல்லும் சொல்லாத எதனை அது சொல்கின்றது? வினாவை விடுமுறைக்கு ஊருக்கு எடுத்துச் சென்றேன்.

ஊரில் எவரும் இதனை ஒரு வினாவாக மதித்திலர். எனினும் கேட்குஞ் செவியோடு தெருவில் நடந்தபோது, எம்மூரின் தொழில் முழுதுமே முன்வேலையாய் இருத்தலைக் கண்டேன். என் அன்னை இளமையில் தீப்பெட்டி ஆபீஸில் கட்டை அடுக்கியவர். சட்டத்தின் வரிப்பள்ளங்களிற் குச்சிகளை ஒவ்வொன்றாய் நிறுத்துவதே கட்டை அடுக்குதல். அடுக்கிய குச்சியின் நுனியை உடனே மருந்தில் தோய்ப்பதில்லை. முதலில் உருகிய மெழுகில் தோய்ப்பர். மருந்து நொடியில் எரிந்துவிடும். அந்நெருப்பை மரம் பற்றுதற்கு உதவுவது மெழுகு. அதனை ஈர்த்த குச்சியைப் பார்ப்பவர்க்கு யாதும் தெரியாது. பட்டாசிலும் இவ்வாறே. வெடிக்கும் ஒரு நொடிக்காகத் தாள் உருட்டிக் குழாய் செய்தல், திரி வெட்டுதல், மருந்தைச் சல்லடையிற் சலித்தல், வெயிலிற் காயவைத்தல், சரம் பின்னுதல் எனப் பல கைகள் பல நாள் உழைக்கின்றன.

எம் வட்டாரத்தின் தொழில் தோன்றியதே ஓர் ஆயத்தத்தினால் அன்றோ? 1922ஆம் ஆண்டில் சிவகாசியினின்றும் அய்ய நாடார், சண்முக நாடார் என்னும் இருவர் கல்கத்தாவிற்குச் சென்று, தீப்பெட்டி செய்யுந் தொழிலைத் தாமே பயின்று மீண்டனர். தொழிலைக் கண்ட நாடு அவர்கள் பயின்ற நாட்களைக் கண்டதில்லை. வேலை முடிந்தபின் ஆயத்தம் மறைந்துவிடும். இடையில் நின்றுபோன வேலையிலேதான் அது கண்ணுக்குப் புலனாகும். எமக்கு அண்மையிலுள்ள விசயகரிசல்குளத்தில், வைப்பாற்றின் கரையில், 2022இல் தொடங்கிய வெம்பக்கோட்டை அகழாய்வில், முற்றுப்பெற்ற சங்கு வளையல்களோடு முற்றுப்பெறாதவையும் கிடைத்தன. அறுத்த சங்கு வளையலாகுமுன் எவ்வாறு இருந்தது என்பதனை, கைவிடப்பட்ட அத்துண்டுகளே நமக்கு உணர்த்துகின்றன.

இவ்வெண்ணங்களோடு ஒரு மாலை என் சித்தப்பாவின் வீட்டிற்குச் சென்றேன். பல ஆண்டுகள் மருந்து கலக்கும் வேலை பார்த்தவர் அவர். இப்பொழுது திண்ணையில் அமர்ந்திருப்பார். வலக்கையின் மூன்று விரல்கள் ஒன்றோடொன்று ஒட்டிப்போயின. கழுத்தின் ஒரு புறம் தோல் சுருங்கியுள்ளது. அந்நிகழ்ச்சியைப் பற்றி எங்கள் வீட்டில் எவரும் அவரிடம் பேசுவதில்லை. யானும் அதனைக் கேட்கச் சென்றேனல்லேன். “சித்தப்பா, தயார் என்பதற்கும் ஆயத்தம் என்பதற்கும் என்ன வேற்றுமை?” என்று மட்டுமே கேட்டேன்.

அவர் சற்று நேரம் பேசவில்லை. பின் கூறினார்: “அன்றைக்குச் சரக்கெல்லாம் தயாராய்த்தான் இருந்தது, தம்பி. நாங்கள்தாம் ஆயத்தமாய் இல்லை.”

பிறகு அவரே விரித்துரைத்தார். கலவை அறைக்குட் புகுவோர் செருப்பை வெளியே கழற்றுதல் வேண்டும். பருத்தி ஆடையே உடுத்தல் வேண்டும். உடலிற் படிந்த மின் மண்ணுள் இறங்குதற்பொருட்டு வாயிலிலுள்ள உலோகத் தகட்டைத் தொட்டுவிட்டே உட்செல்லல் வேண்டும். முன்னாள் சிந்திய மருந்து சிறிதும் இல்லாமல் தரையைத் துடைத்தல் வேண்டும். அன்று கலந்ததை அன்றே தீர்த்தல் வேண்டும். எஞ்சியதை இரவில் வைத்தலாகாது. அலுமினியத் தூளும் வெடியுப்பும் சேர்ந்த கலவையில் ஈரம் புகுந்தால், உள்ளே வெப்பம் பிறந்து, ஓசையின்றி வளரும். மேலே தொட்டுப் பார்ப்பவர்க்கு அது பொடியாகவே தோன்றும்.

அது மே மாதம். முதல்நாள் மாலை இடியும் மின்னலுமாய்க் கோடை மழை வந்தது. மின்னும்போது அறையில் இருத்தல் ஆகாதாகையால் அனைவரும் வெளியேறினர். கலந்த மருந்து பாதியில் நின்றது. அதனை அப்புறப்படுத்தியிருத்தல் வேண்டும். பொருள் வீணாகுமே என்று விட்டுவைத்தனர். மறுநாட் காலையில் லாரி வந்து நின்றது. “மருந்து நேற்றே தயார், துடைப்பதற்கும் பார்ப்பதற்கும் நேரமில்லை” என்று மேலிருந்து சொல் வந்தது. அவர்களும் உட்புகுந்தனர். உடனிருந்த ஒருவர் பிழைத்திலர். சித்தப்பா வாயிலுக்கு அண்மையில் நின்றமையால் உயிர் தப்பினார்.

அவர் இதனைச் சொல்லும்போது எவரையும் வைதாரில்லை. “எனக்கும் தெரியும், தம்பி. தெரிந்துதான் போனேன்” என்றார்.

எம் பக்கத்தில் இத்தகைய செய்தி அரிதன்று. 2021ஆம் ஆண்டு பிப்ரவரித் திங்கள் 12ஆம் நாள் அச்சங்குளத்து ஆலையில் நேர்ந்த வெடிவிபத்தில் இருபதுக்குக் குறையாத உயிர்கள் மாய்ந்தன. ஒவ்வொரு முறையும் செய்தித்தாள்கள் காரணம் கூறுகின்றன: உராய்வு என்றும், வெப்பம் என்றும், அளவிற்கு மிஞ்சிய ஆட்கள் என்றும். அவையனைத்தும் உண்மையாகலாம். அவற்றின் அடியிலெல்லாம், செய்யாது விடப்பட்ட ஒரு சிறு முன்வேலை கிடக்கின்றது என்று இப்பொழுது எனக்குத் தோன்றுகின்றது.

வீட்டிற்குத் திரும்பியதும், நடந்ததை அன்னையிடம் கூறினேன். அவர் அடுப்பைப் பார்த்தபடியே, “அந்த வாரம் அவர் விடுப்பில் இருக்க வேண்டியவர். சூன் மாதம் உன் கல்லூரிக் கட்டணம் கட்டவேண்டும் என்று நான்தான் கேட்டிருந்தேன். அதற்காகவே வேலைக்குப் போனார்” என்றார். இதனை அதுவரை எவரும் எனக்குச் சொன்னதில்லை. அன்றிரவு யான் உறங்கவில்லை.

விடுமுறை கழிந்து கல்லூரிக்கு மீண்டதும் வடமொழி அகராதியை எடுத்துப் பார்த்தேன். முயலுதல் என்னும் பொருளுடைய ‘யத்’ என்பதே வேர். அவ்வேரினின்று பிறந்த ‘யத்நம்’ தமிழில் எத்தனமாயிற்று. அவ்வேரே ‘ஆ’ என்னும் முன்னொட்டுப் பெற்று ஆயத்தமாயிற்று. யான் வெவ்வேறென்று பிரித்துவைத்த இரண்டும் உடன்பிறந்தவை. அவ்வடசொல்லிற்கு அணியமாதல் என்னும் பொருளோடு, விழிப்பாயிருத்தல் என்னும் பொருளும் உண்டு. இன்னும் ஒரு பொருள் உண்டு: பிறிதொன்றைச் சார்ந்திருத்தல். அவ்வொரு சொல்லின்மேல் என் விரல் நெடுநேரம் நின்றது.

தமிழில் ஆயத்தம் என்னும்போது, சார்ந்திருத்தல் என்ற பொருளை எவரும் கருதுவதில்லை. எனினும் என் வினாவிற்கு விடை அங்கேதான் கிடைத்தது. தயார் என்பது பொருளின் நிலை. ஏற்பாடு என்பது செயலின் ஒழுங்கு. எத்தனம் என்பது முயற்சியின் தொடக்கம். அணியம் என்பது முன்னிற்றல். ஆயத்தம் என்பதோ மனிதனைப் பற்றியது. தன் பக்கத்தில் நிற்பவன் தன்னைச் சார்ந்து நிற்கின்றான் என்பதை அறிந்தவனுடைய விழிப்பு. கலவை அறையில் ஒருவன் துடையாது விட்ட பொடி மற்றவனைக் கொல்லும். ஆகையால் அங்கே தனியொருவன் ஆயத்தமாதல் இயலாது. ஆயத்த ஆராதனையிலும், பந்தியில் அமருமுன் அயலானோடு ஒப்புரவாகும்படி எங்களுக்குச் சொல்லப்படுவது இதனாலேதான் போலும்.

ஆசிரியரிடம் விடைத்தாளை அளித்தேன். வேர்ச்சொல் ஆராய்ச்சி முழுதும் அதில் இருந்தது. சித்தப்பாவைப் பற்றி ஒரு வரியும் இல்லை. அவர் படித்துவிட்டு, “ஆயத்தத்தை மீண்டும் சேர்த்துக்கொண்டீர் போலும்” என்றார். “ஆம், ஐயா” என்றேன். அன்று சொல்லாது விட்டதையே இக்கட்டுரையில் எழுதுகின்றேன்.

நம் கல்லூரியில் மூவாண்டுகள் கற்பதனை வாழ்க்கைக்கு ஆயத்தம் என்று பெரியோர் கூறுவர். நேயர்காள், அது உண்மையே. ஆனால் நம் ஆயத்தத்திற்கு முன்னே பிறர் செய்துமுடித்த ஆயத்தம் ஒன்றுண்டு. அதனைச் செய்தவர் பெயர் நம் தேர்ச்சிப் பட்டியலில் வருவதில்லை. மெழுகு தோய்ந்த குச்சியைப்போல் அது பார்ப்பவர்க்குத் தெரியாது. இப்பொழுதும் ஒவ்வொரு திங்களும் சித்தப்பாவிற்குக் கடிதம் எழுதுகின்றேன். ஒட்டிய விரல்களால் அவர் விடை எழுதுதல் இயலாது. அன்னையைக் கொண்டு எழுதுவிப்பார். சென்ற கடிதத்தில் ஒரே வினா இருந்தது: “பரீட்சைக்கு ஆயத்தமா?”

அச்சொல்லை இனி யான் அடிக்கமாட்டேன்.