மங்காவை வைத்துப் பேசுவோம்

அடையாறில் சிவாஜிக்கு மணிமண்டபம் இருக்கிறது, நியாயம்தான். ஆனால் துணை நடிகைகளை நாம் எதை வைத்து நினைக்கிறோம்? ‘ஃபடாபட்’ ஜெயலட்சுமி என்றதும் 1980இல் நேர்ந்த அகால மரணம்தான் பேச்சாகிறது. அது அவருக்கு நாம் செய்யும் அநீதி. அவர் நடித்த ‘அவள் ஒரு தொடர்கதை’ வந்தது 1974இல்; அடுத்த சில ஆண்டுகளே அவருக்குக் கிடைத்தன. அதற்குள் ‘முள்ளும் மலரும்’ (1978) மங்காவைத் தந்துவிட்டார். பசியை ஒளிக்கத் தெரியாத அந்த வெள்ளந்திப் பெண், கடைசியில் கணவன் காளியை (ரஜினி) மீறி அவன் தங்கை வள்ளியின் பக்கம் நிற்கிறாள். சிரிக்கவைத்த முகத்திலேயே அந்த உறுதியையும் நம்பவைத்தார்.

“அது இயக்குநர் மகேந்திரனின் எழுத்து, நடிகைக்கு என்ன பெருமை?” என்று கேட்கலாம். அடுத்த ஆண்டே எஸ்.பி.முத்துராமனின் ‘ஆறிலிருந்து அறுபது வரை’யில் அதே ரஜினிக்கு மனைவி, மங்காவின் சாயல் துளியும் இல்லை. இயக்குநர் மாறியும் தரம் மாறவில்லையே! இனி அவர் பெயர் வந்தால், மரணத்தை விட்டு மங்காவைப் பேசுவோம்.