யானைக்கவுனிக்குத் தனியாகப் போனேன்!

"எனக்கு வழியும் தெரியாது, கணக்கும் வராது" என்று சொல்லியே நாற்பத்தைந்து வயதைத் தாண்டிவிட்டேன். ஒன்பது வயதில், புரட்டாசி மாதம் திருப்பதிக் குடை யானைக்கவுனியைத் தாண்டுவதைப் பார்க்க வந்து, கூட்டத்தில் தொலைந்து போனேன். கால் மணி நேரத்தில் அப்பா கண்டுபிடித்துவிட்டார். ஆனால் 'பயந்தாங்கொள்ளி' என்ற பேர் ஒட்டிக்கொண்டது. பிறகு நானே அப்படிச் சொல்லிக்கொள்ள ஆரம்பித்தேன். அதில் ஒரு சௌகரியமும் இருந்தது. கடை, பாங்க் எல்லாம் என்னவர் தலையில்!

போன மாதம் அவருக்குக் கண் ஆபரேஷன். பெண்ணின் கல்யாணத்துக்கு வெள்ளிக் குத்துவிளக்கு வாங்கவேண்டும். "நீ போய் வாங்கிண்டு வாடி" என்றேன். "நானும் உன்னை மாதிரிதாம்மா, தனியா எங்கேயும் போகமாட்டேன்" என்றாளே பார்க்கணும்! சுருக்கென்றது. மறுநாள் நானே கிளம்பிவிட்டேன்.

சென்ட்ரலில் இறங்கி வால்டாக்ஸ் சாலையில் நடந்தேன். இப்போது அது வ.உ.சி. சாலை. 1758-59ல் பிரெஞ்சுக்காரர்கள் சென்னையை முற்றுகையிட்ட பிறகு, வெள்ளைக்காரர்கள் கறுப்பர் நகரைச் சுற்றி மதில் எழுப்பினார்கள். அதற்காக ஜனங்கள் மேல் வரி போட நினைத்ததால் வந்த பெயர். அந்த மதிலின் வாசல்களில் ஒன்றுதான் யானைக்கவுனி. கவுனி என்றால் கோட்டை வாசல். இன்று இங்கே மதிலும் இல்லை, வாசலும் இல்லை. ராயபுரம் பக்கம் மாடிப் பூங்காவில் மதிலின் ஒரு துண்டு மிச்சம், அவ்வளவுதான். பெயர் மட்டும் நிலைத்துவிட்டது.

தங்கசாலைத் தெருவில் ஒரு வெள்ளிக்கடை. பக்கத்தில் இருந்த அம்மாள் கடைக்காரரிடம் ஹிந்தியும், பூக்காரியிடம் தெலுங்கும், என்னிடம் தமிழும் பேசினார்.

"உங்களுக்கு எந்த ஊர்?"

"இதே யானைக்கவுனிதான்மா. இங்கே ராஜஸ்தான்காரின்றாங்க. அங்கே போனா மெட்ராஸ்காரின்றாங்க. ரெண்டும் நான்தான்!"

பில் வந்தது. பார்த்தால், நான் கொடுத்த பழைய கிண்ணத்தின் எடையைக் கழிக்கவில்லை. சொன்னேன். "மறந்துட்டேம்மா" என்று திருத்திக் கொடுத்தார். பால் கணக்கும் மளிகைக் கணக்கும் இத்தனை வருஷமாக யார் போட்டார்களாம்? எனக்கா கணக்கு வராது?

சகோதரிகளே, என்றோ இடிந்துபோன மதிலுக்கு நான் நாற்பது வருஷமாக வரி கட்டியிருக்கிறேன். என் பெண்ணும் கட்டவேண்டாம். அடுத்த வாரம் கொலுசு வாங்க அவள் போகப்போகிறாள். தனியாக!