நலங்குக்கு முந்தைய வாரங்கள்

கல்யாணம் நிச்சயமான வீட்டில் பத்திரிகை அடிப்பதற்கும் மண்டபத்துக்கு முன்பணம் கொடுப்பதற்கும் முன்பாகவே தொடங்கிவிடுகிற வேலை ஒன்று உண்டு. அது பெண்ணின் முகத்தைப் பற்றிய வேலை. எங்கள் தங்கையின் திருமணம் தை மாதத்தில் என்று முடிவானபோது, கார்த்திகை முதல் வாரத்திலேயே அவளுடைய அக்காமார் நாங்கள் இருவரும் அந்த வேலையைக் கையிலெடுத்துக்கொண்டோம். யாரும் எங்களிடம் அதை ஒப்படைக்கவில்லை. அக்காள் என்ற உறவுக்கு அந்த உரிமை இயல்பாகவே உண்டென்று எண்ணியிருந்தோம். அந்த எண்ணத்தால் விளைந்ததை எழுதிவைக்க வேண்டும் என்று தோன்றுகிறது.

எங்கள் ஆச்சியின் காலத்தில் இதற்கென்று ஒரு முறை இருந்தது. திருநெல்வேலி டவுனில் நாட்டு மருந்துக் கடைக்குப் போய்ப் பச்சைப்பயறு, கஸ்தூரி மஞ்சள், பூலாங்கிழங்கு, கோரைக்கிழங்கு, வெட்டிவேர், ஆவாரம்பூ, கார்போகரிசி எல்லாம் வாங்கி வந்து, இரண்டு நாள் வெயிலில் காயவைத்து, மாவு மில்லில் கொடுத்து அரைப்பாள். மிளகாய் வற்றல் அரைத்த கையோடு இதையும் அதே எந்திரத்தில் போட்டுவிடக் கூடாதென்று கூடவே போய் நின்றுகொள்வாள். அரைத்த மாவை வெள்ளைத் துணியில் சலித்து எவர்சில்வர் தூக்கில் அடைத்து வைப்பாள். எங்கள் இருவரின் கல்யாணத்துக்கும் அந்தத் தூக்குதான்.

அந்த மாவு எங்களை வெளுக்கச் செய்ததாக நினைவில்லை. பயற்றமாவு எண்ணெய்ப் பிசுக்கை எடுக்கும். சோப்பைப் போலத் தோலை வறட்டாது. பூலாங்கிழங்கும் வெட்டிவேரும் மணத்துக்கு. அதற்குமேல் அது எதையும் வாக்களிக்கவில்லை. பழையது என்பதற்காக அதைக் குற்றமற்றது என்றும் சொல்வதற்கில்லை. கார்போகரிசியில் சோராலென் என்ற வேதிப்பொருள் இருக்கிறது. அதைப் பூசிக்கொண்டு வெயிலில் நின்றால் தோல் கொப்பளித்துப் பின் கருத்துப்போகலாம். வெண்புள்ளி நோய்க்கு அதை நெடுங்காலமாகப் பயன்படுத்தி வந்ததும் வெயிலோடு சேர்ந்து நிறத்தைத் தூண்டும் அந்தக் குணத்தால்தான். முகத்தில் எலுமிச்சைச் சாறு தடவிக்கொண்டு வெயிலில் போவதிலும் இதே ஆபத்து உண்டு. ஆச்சிக்கு இந்த வேதியியல் தெரியாது. ஆனால் மாவு தேய்த்துக் குளித்த நாளில் உச்சி வெயிலில் வெளியே போகக் கூடாதென்ற கண்டிப்பு அவளிடம் இருந்தது.

தங்கை எங்கள் மூவரில் நிறம் குறைந்தவள். இந்த வாக்கியத்தை எழுதும்போதே அதில் உள்ள கோணல் தெரிகிறது. நிறம் எப்படிக் குறையும்? ஆனாலும் அப்படித்தான் சொல்லி வளர்ந்தோம். அவளைச் செல்லமாகக் 'கருப்பி' என்று கூப்பிட்டோம். அவளும் சிரித்துக்கொண்டே திரும்பிப் பார்த்தாள். நிச்சயதார்த்தத்தன்று மாப்பிள்ளையின் அத்தை ஒருவர், "போட்டோவுல மட்டும் பொண்ணு கொஞ்சம் வெளிச்சமா விழுந்துட்டா போதும், வேற ஒரு குறையும் இல்ல" என்றார். கெட்ட எண்ணத்தோடு சொன்னதாகத் தோன்றவில்லை. நாங்களும் கூடவே சிரித்தோம். அன்றிரவு பாத்திரங்களை ஒதுங்க வைக்கும்போது, "ஏதாவது செய்யணும்" என்று எங்களில் ஒருத்தி சொன்னாள். எவள் என்பதில் எங்களுக்குள் இன்றும் ஒத்த கருத்து இல்லை.

மருந்துக் கடையில் கேட்டோம். கல்யாணப் பெண்ணுக்கு என்றதும் மறுபேச்சின்றி ஒரு சிறிய களிம்புக் குழாயை எடுத்து வைத்தார்கள். இரவில் பூசினால் போதும் என்றார்கள். உள்ளே என்ன இருக்கிறது என்று நாங்கள் படிக்கவில்லை. பத்தே நாளில் பலன் தெரிந்தது. முகம் பளபளத்தது, சிறு பருக்கள் மறைந்தன, நெற்றியும் கன்னமும் கழுத்தைவிட இரண்டு படி வெளுத்தன. நாங்கள் பூரித்துப்போனோம். ஆச்சி மட்டும், "என்னட்டி, முகம் ஒரு ஆளு மாதிரியும் கழுத்து ஒரு ஆளு மாதிரியும் இருக்கு?" என்றாள். அதையும் பாராட்டாகவே எடுத்துக்கொண்டோம்.

மார்கழி பிறந்தபோது, வாசலில் கோலம் போட்டுவிட்டு இளவெயிலில் நின்றாலே முகம் எரிகிறதென்றாள். கன்னத்தில் மெல்லிய சிவப்பு நூல்களைப் போல நரம்புகள் தெரிந்தன. பயந்துபோய்க் களிம்பை நிறுத்தினோம். நிறுத்திய மூன்றாம் நாள் முகம் முழுவதும் சிவந்து, வீங்கி, தண்ணீர் பட்டாலே எரியும் நிலைக்கு வந்தது. கல்யாணத்துக்கு இருந்தவை 18 நாட்கள்.

பாளையங்கோட்டையில் ஒரு தோல் மருத்துவரிடம் ஓடினோம். குழாயைக் கையில் வாங்கிப் பார்த்ததும் அவர் முகத்தில் ஆச்சரியம் ஏதும் இல்லை, களைப்புதான் தெரிந்தது. அதில் இருந்தவை மூன்று: மொமெட்டசோன் என்ற ஸ்டீராய்டு, ஹைட்ரோகுயினோன், ட்ரெட்டினாயின். முகத்தில் படரும் மங்கு என்ற நோய்க்கு மருத்துவரின் கண்காணிப்பில் சில வாரங்களுக்கு மட்டும் கொடுக்க வேண்டிய கூட்டு மருந்து அது. ஸ்டீராய்டு தோலின் இரத்தக் குழாய்களைச் சுருக்குகிறது. நிறமி உண்டாவதைக் குறைக்கிறது. நாங்கள் கண்ட வெளுப்பு அதனால் வந்தது. கூடவே அது தோலை மெலியச் செய்துகொண்டும் இருக்கிறது. நிறுத்தியதும் சுருங்கிய குழாய்கள் முன்னிலும் அதிகமாக விரிகின்றன. எரிச்சல் தாங்காமல் மறுபடியும் அதையே பூசுவார்கள். இப்படி ஆண்டுக்கணக்கில் பூசி வருபவர்களைத் தாம் வாரந்தோறும் பார்ப்பதாக அவர் சொன்னார். இத்தகைய பூச்சுகள் பலவற்றை மருத்துவரின் சீட்டில்லாமல் விற்கக் கூடாதென்று 2018இல் மத்திய அரசு அறிவித்துவிட்டது. அறிவிப்பு அரசிதழில் இருக்கிறது. குழாய் கடையில் இருக்கிறது.

"மேல்தோல் முழுசாப் புதுசாக ஒரு மாசமோ அதுக்கு மேலயோ ஆகும்மா. முகூர்த்தத்துக்காக அது அவசரப்படாது" என்றார். மணமற்ற ஈரப்பூச்சு ஒன்று, வெயில் தடுப்புக் களிம்பு, எரிச்சலை அடக்க டாக்ரோலிமஸ் என்ற களிம்பு, இவற்றை எழுதிக் கொடுத்தார். மஞ்சள், பயற்றமாவு, பிளீச்சிங், ஃபேஷியல் எதுவும் முகத்தில் படக்கூடாது என்றார். பொதுவாகவே கல்யாணத்துக்கு முந்தைய சில வாரங்களில் புதிதாக எதையும் முகத்தில் பூசிப் பார்ப்பது தவறு என்றும், பூசியே ஆக வேண்டுமென்றால் முழங்கையின் உட்புறத்தில் சில நாட்கள் தடவிப் பார்த்துவிட்டே பூச வேண்டும் என்றும் சொன்னார். எவ்வளவு எளிய விஷயம். மூன்று பட்டதாரிகள் இருந்த வீட்டில் யாருக்கும் தோன்றவில்லை.

பேருந்தில் திரும்பும்போது தங்கை சன்னலோரம் துப்பட்டாவால் முகத்தை மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். நாங்கள் அந்தக் கடைக்காரரைத் திட்டிக்கொண்டே வந்தோம். வண்ணார்பேட்டை தாண்டும்போது அவள் சொன்னாள்: "கடைக்காரருக்கு என்னைத் தெரியாதுக்கா. நீங்கதான் என்னைக் கருப்பின்னு கூப்பிட்டீங்க." குரலில் கோபம் இல்லை. இருந்திருந்தால் நாங்கள் பதில் சொல்லியிருப்போம்.

அன்றிரவு அவளே மாப்பிள்ளைக்குத் தொலைபேசியில் எல்லாவற்றையும் சொன்னாள். எங்களிடம் அனுமதி கேட்கவில்லை. அவர், "வேண்டுமானால் தேதியைத் தள்ளிவைப்போமா?" என்று கேட்டிருக்கிறார். வேண்டாம் என்றிருக்கிறாள். அவ்வளவுதான் அவர்கள் பேசியது. நாங்கள் இரண்டு மாதமாகப் பேசியதைவிட அது முறையான பேச்சாக இருந்தது.

பழந்தமிழ்ப் பாடல்களில் பெண்ணின் அழகைச் சொல்ல 'மாமை' என்ற சொல் வருகிறது. மாந்தளிரின் நிறத்தை அதற்கு உவமையாகச் சொல்வார்கள். அந்த நிறம் வெளிறிப்போவதற்கும் ஒரு சொல் உண்டு: பசலை. அது பிரிவுத் துயரால் மேனியில் படரும் நோய். அதன் துன்பத்தைச் சொல்லவே திருக்குறளில் ஓர் அதிகாரம், 119ஆவது, இருக்கிறது. நிறம் மாறுவதை நோயென்று கண்ட மொழியில் பிறந்த நாங்கள், நிறம் மாற்றும் நோயைக் காசு கொடுத்து வாங்கியிருக்கிறோம். இடையில் என்ன நடந்தது என்பதற்குப் பல விடைகள் சொல்லலாம். 1975இல் சந்தைக்கு வந்து, பெயரிலேயே வெண்மையை வைத்திருந்த முகப்பூச்சு ஒன்று, 2020இல் பெயரை மாற்றிக்கொண்டது. பெயரை மாற்றுவது கம்பெனிக்கு எளிது. ஒரு வீட்டில் புழங்கும் செல்லப்பெயரை மாற்றுவது அத்தனை எளிதாக இல்லை. முதல் சில நாட்கள் 'கருப்பி' என்று வாய்வரை வந்து திரும்பியது.

நலங்கன்று தூக்கு வெளியே வந்தது. முகத்தில் எதுவும் தடவக் கூடாதென்பது எல்லோருக்கும் சொல்லப்பட்டிருந்தது. சடங்கில் குறை வந்துவிடுமே என்று சில பெரியவர்கள் முணுமுணுத்தார்கள். ஆச்சி யாரிடமும் வாதாடவில்லை. சுளுக்கென்று தரையில் உட்கார்ந்து, பேத்தியின் காலை மடியில் எடுத்து வைத்துக்கொண்டு, மஞ்சளைக் குழைத்துப் பாதத்திலும் கணுக்காலிலும் தேய்க்கத் தொடங்கினாள். "இந்தக் காலுதானே புதுவீட்டுக்கு நடந்து போவப்போவுது" என்றாள். பிறகு ஒவ்வொருவராக வந்து காலிலும் கையிலும் பூசிவிட்டுப் போனார்கள். எங்கள் முறை வந்தபோது நாங்கள் அவள் முகத்தைப் பார்க்கவில்லை. அவள்தான் குனிந்து எங்கள் இருவர் கன்னத்திலும் மீதி மஞ்சளை இழுகிவிட்டாள்.

கல்யாணப் புகைப்படத்தில் அவள் முகம் சற்றுச் சிவந்து, திட்டுத்திட்டாக இருக்கிறது. அலங்காரம் செய்ய வந்த பெண் கனமாகப் பூசி மறைக்கலாம் என்று சொன்னதை அவள் ஏற்கவில்லை. தோல் பழைய நிலைக்குத் திரும்பச் சித்திரையும் வைகாசியும் ஆயின. ஆடிக்கு வந்தபோது பார்த்தோம். பழைய நிறம், மாந்தளிர் முற்றத் தொடங்கும்போது இருக்குமே, அந்த நிறம். நன்றாக இருக்கிறாய் என்று சொல்ல நினைத்தோம். நாங்கள் சொல்ல வேண்டியதில்லை என்று தோன்றியதால், பேர் சொல்லிக் கூப்பிட்டுச் சாப்பிட உட்காரச் சொன்னோம்.