பைக் பிறக்கும் ஊரில் ஒரு லெதர் சூட்

வண்டலூரிலிருந்து வாலாஜாபாத் போகும் சாலையில் இருக்கிறது படப்பை. பழந்தமிழில் படப்பை என்றால் தோட்டம். இன்று விடியற்காலையில் அங்கே நின்றால் கம்பெனி பஸ்களும் கன்டெய்னர் லாரிகளும்தான் கண்ணில் படும். மேற்கே ஒரகடம். ராயல் என்ஃபீல்டு 2013-லிருந்து அங்கே பைக் தயாரிக்கிறது. டயருக்கு அப்போலோ இருக்கிறது. வலப்பக்கம் திரும்பி ஸ்ரீபெரும்புதூர் போய், சென்னைப் பக்கம் கொஞ்ச தூரம் வந்தால் இருங்காட்டுக்கோட்டை. சோழவரம் விமான ஓடுதளத்தில் பந்தயம் நடத்திவந்த மெட்ராஸ் மோட்டார் ஸ்போர்ட்ஸ் கிளப்பின் ட்ராக் இங்கேதான். ஒரு சுற்று சுமார் 3.7 கி.மீ.

பைக், டயர், ட்ராக் மூன்றும் பக்கத்திலேயே. இந்தச் சுற்றுவட்டாரக் கிராமத்தில் பத்தாவது படிக்கும் பெண்ணுக்கு ரேஸ் ஆசை வந்தால் ஆச்சரியமில்லை. கியர் பைக்குக்கு லைசென்ஸ் எடுக்க 18 வயதாக வேண்டும். அது போகட்டும், வயது தானாக வந்துவிடும். ரைடிங் கியர் தானாக வராது.

முழு லெதர் சூட், முகம் மூடிய ஹெல்மெட், கையுறை, பூட்ஸ், முதுகுக் கவசம். இரவல் வாங்கலாமே என்றால், சூட் உடம்போடு ஒட்டி இருக்க வேண்டும். தொளதொளவென்று இருந்தால் விழும்போது கவசம் முட்டியிலிருந்து நகர்ந்துவிடும். அண்ணனின் சூட் தங்கைக்கு உதவாது. ஹெல்மெட் விஷயம் இன்னும் கறார்: ஒருமுறை பலமாக அடிபட்டால் வெளியே கீறல் தெரியாவிட்டாலும் உள்ளே நுரை நசுங்கியிருக்கும். அதனால் பழைய ஹெல்மெட் வாங்கவே கூடாது. தோலுக்குப் பேர்போன குரோம்பேட்டை தாம்பரத்துக்கு அந்தப் பக்கம்தான். ஆனாலும் நல்ல சூட்டின் விலை பல பத்தாயிரம்.

அம்மா பயப்படுவதிலும் நியாயம் உண்டு. 2023 ஆகஸ்டில் இதே ட்ராக்கில் பந்தயத்தின்போது விழுந்து 13 வயதுச் சிறுவன் ஒருவன் இறந்துபோனான்.

சென்னையின் அலிஷா அப்துல்லா சிறு வயதிலேயே கோ-கார்ட் ஓட்டத் தொடங்கி, சூப்பர்பைக் வரை போனவர். அவருடைய அப்பாவே பந்தய வீரர். கான்ட்ராக்ட் வேலைக்குப் போகும் அப்பாவிடம் எப்படிக் கேட்பது?

இந்தப் பெண்ணுக்கென்று வரும் முதல் வண்டி, பிளஸ் ஒன்னில் அரசு தரும் சைக்கிள். அதற்குப் பிறகு, ஷிஃப்ட் பஸ் ஏறும் நூற்றுக்கணக்கான அக்காக்களைப் போல அவளும் கம்பெனிக்குப் போகக்கூடும். முதல் சம்பளத்தில் அம்மாவுக்குப் புடவை எடுத்தாக வேண்டும். ஹெல்மெட் இரண்டாவது சம்பளத்தில்.